குண்டுவெடிப்பு நிவாரணம்: கையெழுத்துப் போட்ட செக்கை யாரிடமும் கொடுக்காதீர்கள்

கேள்வி: என் கணவர் லாரி டிரைவர். லோடு இறக்கப் போன இடத்தில், அசாமில், பிரிவினைக் குழு சந்தையில் வைத்த குண்டு வெடித்து இறந்துவிட்டார். எட்டு மாதம் ஆகிறது. “கேஸ் முடிந்தால்தான் பணம் வரும், நான் முடித்துத் தருகிறேன், 30 சதவீதம் கொடுங்க” என்று கலெக்டர் ஆபீஸ் பக்கம் ஓர் அண்ணாச்சி பாஸ்புக்கும் கையெழுத்துப் போட்ட செக்கும் கேட்கிறார். கொடுக்கலாமா?
– வாசகி, நாங்குநேரி

கொடுக்காதீர்கள். கொடுத்துவிட்டீர்கள் என்றால் இன்றைக்கே பேங்குக்குப் போய், அந்த செக் நம்பரைக் குறிப்பிட்டு, பணம் கொடுக்க வேண்டாம் என்று எழுதிக் கொடுத்து நகலில் சீல் வாங்குங்கள்.

கேஸ் முடிய வேண்டும் என்பது பொய். 2008 அக்டோபர் 30 அன்று குவாஹாத்தியிலும் அசாமின் வேறு ஊர்களிலும் அங்குள்ள போடோ பழங்குடியினருக்குத் தனிநாடு கேட்ட அமைப்பு வைத்த குண்டுகள் வெடித்தன. தீர்ப்பு வந்தது 2019 ஜனவரியில். அதுவரை ஒரு குடும்பம் எதைச் சாப்பிடும்? மத்திய உள்துறையின் உதவித் திட்டத்தில் இறந்தவர் குடும்பத்துக்கு 5 லட்சம் ரூபாய். குண்டு வைத்தவன் யார் என்று கோர்ட் சொல்லும்வரை அதற்குக் காத்திருக்க வேண்டாம். ஆனால் சம்பவம் நடந்து 3 ஆண்டுக்குள் மனுக் கொடுத்துவிட வேண்டும்.

இன்னொன்று: அந்தப் பணத்தை மொத்தமாகக் கையில் தரமாட்டார்கள். குறைந்தது 3 ஆண்டுக்கு வாரிசு பெயரில் ஃபிக்சட் டெபாசிட்டில் போட்டு, வட்டியை மூன்று மாதத்துக்கு ஒருமுறை கணக்கில் வரவு வைப்பார்கள். அப்படியிருக்க ஒன்றரை லட்சத்தை இவர் எதிலிருந்து எடுப்பார்? உங்கள் நகையிலிருந்துதான். செக் கேட்பது, அது பணமில்லாமல் திரும்பினால் கேஸ் போடுவேன் என்று மிரட்டி அதை அடகு வைக்க வைப்பதற்காகத்தான்.

மனுவோடு வைக்க வேண்டிய எஃப்.ஐ.ஆர். நகலை நெட்டில் தேடாதீர்கள். பயங்கரவாத வழக்குகளுக்கு அதைப் பதிவேற்றுவதிலிருந்து விலக்கு உண்டு. ‘எடுத்துத் தருகிறேன்’ என்று ஆயிரக்கணக்கில் கறப்பது இந்த இடத்தில்தான். சம்பவம் நடந்த மாவட்டத்தின் எஸ்.பி.க்கு நீங்களே ஸ்பீட் போஸ்டில் எழுதுங்கள். அசாமிய மொழியில் வந்தால் மொழிபெயர்த்து நோட்டரி கையெழுத்து வாங்குங்கள். பிரேதப் பரிசோதனை அறிக்கையும் அங்கிருந்தே வர வேண்டும்.

இறப்பை நாங்குநேரியில் பதியாதீர்கள். உடலை இங்கே கொண்டுவந்து காரியம் செய்திருந்தாலும், உயிர் பிரிந்த ஊரில்தான் பதிவு. இங்கே வாங்கின சர்டிஃபிகேட் செல்லாது.

ஃபைல் பெரும்பாலும் நிற்பது பெயரில். ஆதாரில், உதாரணத்துக்கு, ‘சு. இசக்கிமுத்து’ என்று இருக்கும். வடக்கே இனிஷியல் புரியாது. அப்பா பெயரைப் பின்னால் சேர்த்து, முன்பாதியை விட்டு, ‘முத்து சுடலை’ என்று எழுதிவிடுவார்கள். அதைப் பார்த்து இங்கே ஒரு கிளார்க் ‘ஆள் வேறு’ என்று குறிப்பு எழுதுவார். இரண்டு ஆபீசும் ஒரு போனில் தீர்க்க வேண்டிய சமாச்சாரம். செய்ய மாட்டார்கள், கணவனைப் பறிகொடுத்தவளைத்தான் அலையவிடுவார்கள். எனவே இரண்டு பெயரும் ஒருவருடையதே என்று நோட்டரி முன் உறுதிமொழிப் பத்திரம் எழுதி, ஆதார், டிரைவிங் லைசென்ஸ் நகலோடு முதலிலேயே இணையுங்கள். தாசில்தாரிடம் வாங்கும் வாரிசுச் சான்றில் மாமியார் பெயரை விடவே கூடாது.

சம்பவம் ரயில் நிலையத்திலோ ரயிலிலோ நடந்திருந்தால் கதையே வேறு. இதைப் பலர் கோட்டை விடுகிறார்கள். ரயில்வே சட்டம் 124ஏ பிரிவின்படி, பயங்கரவாதத் தாக்குதலில் பயணி இறந்தால் 8 லட்சம் ரூபாய். ரயில்வே மேல் தப்பு இருக்கிறதா என்ற கேள்வியே இல்லை. பிளாட்பார டிக்கெட் வைத்திருந்தவருக்கும் உண்டு. டிக்கெட் எரிந்து போயிருந்தால்கூட, பயணம் செய்த விவரத்தைப் பிரமாணப் பத்திரமாகக் கொடுக்கலாம்; டிக்கெட் இல்லை என்ற ஒரே காரணத்துக்காக மறுக்க முடியாதென்று 2018-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. டிக்கெட் திருநெல்வேலியில் எடுத்தது என்றால் ரயில்வே உரிமைகோரல் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்விலேயே போடலாம். கெடு மட்டும் ஒரே ஆண்டு. சந்தைக்கு வெளியே, ஸ்டேஷன் வளாகத்துக்குள் வெடித்ததா என்பதை எஃப்.ஐ.ஆரில் ஒருமுறை பாருங்கள். அப்படியிருந்து, அவர் டிக்கெட்டோ பிளாட்பார டிக்கெட்டோ வாங்கியிருந்தார் என்றால் உங்களுக்கு மிச்சம் நாலு மாதம்தான்.

இல்லையென்றால் மனுவைச் சம்பவம் நடந்த மாவட்டத்தின் கலெக்டருக்கு ஸ்பீட் போஸ்டில் அனுப்பி, ஒரு நகலைக் கொக்கிரகுளத்தில் நம் நெல்லை கலெக்டர் ஆபீசில் திங்கட்கிழமை குறைதீர் கூட்டத்தில் நேரில் கொடுங்கள். மனு ரசீது இல்லாமல் வெளியே வராதீர்கள். ஒரிஜினல் எதையும் எந்த மேஜையிலும் விட்டுவிட்டு வரவேண்டாம்.