‘ஷூகேஸ்’ இசைக்குத் தமிழில் என்ன பெயர்?

வணக்கம். சுங்கை சிப்புட் மண்டபத்தில் நடக்கும் இசை இரவுக்கான அறிவிப்பில் ‘ஷூகேஸ்’ (shoegaze, ‘காலணியை நோக்குதல்’) என்ற ராக் இசை வகையைக் ‘காலணி நோக்கிசை’ என்று எழுதியதும் குழுவினர் சிரித்துவிட்டதாகக் குறிப்பிட்டிருந்தீர்கள். அந்த ஆங்கிலப் பெயரே கிண்டலாகப் பிறந்ததுதான். கித்தார் கலைஞர்கள் காலடியிலிருந்த எஃபெக்ட் பெடல்களை (கித்தார் ஒலியை மாற்றும் மிதிகளை)க் குனிந்து பார்த்தபடியே வாசித்ததை 1990 வாக்கில் பிரிட்டிஷ் இசை இதழ்கள் கேலி செய்தன. ஆகவே கேலியை மொழிபெயர்க்காமல் ஒலியிலிருந்து தொடங்குங்கள். மை பிளடி வேலன்டைன் குழுவின் 1991ஆம் ஆண்டுத் தொகுப்பான ‘லவ்லெஸ்’ஸில் கித்தார் ஒலி அடுக்கடுக்காகப் படர, குரல் அதற்குள் பாதி அமிழ்ந்தே கேட்கும், விடியுமுன் பெரட்டுக்கு (தோட்டத் தொழிலாளர்களுக்குப் பெயர் கூப்பிடும் இடத்துக்கு)ப் போகையில் பால்மரக் காட்டுப் பனியில் நெற்றி விளக்குகள் கரைந்து தெரியுமே, ஏறக்குறைய அப்படி. அதனால் ‘தோய்விசை’ என்பதே என் பரிந்துரை. ‘கனவிசை’ என்பது இதற்கு நெருக்கமான இன்னொரு வகையான டிரீம் பாப்புக்குப் பொருந்தும். நீங்கள் யோசித்த ‘மாயலயம்’ மட்டும் வேண்டாம். சோப்புப் பெயர்போல் இருக்கிறது.