1890இல் இறந்தவரின் நூலுக்கு யாரிடம் அனுமதி வாங்குவது?

கேள்வி: டென்மார்க் நாடக நடிகை யோஹன்ன லூயிசே ஹைபெர்க்கின் தன்வரலாற்றைத் தமிழில் கொண்டுவர ஆசை. எனக்கு டேனிஷ் வாசிக்க வரும். 'அவர் வாரிசுகளிடம் தடையில்லாச் சான்று வாங்கி, காப்புரிமையும் பதிவுசெய்து தருகிறேன்' என்று ஒருவர் 45,000 ரூபாய் கேட்கிறார். நடிகை ஆஸ்டா நீல்சனின் நூலுக்கு அனுமதியே வேண்டாம் என்கிறார். ஹைபெர்க் பற்றி டேனிஷ் தத்துவஞானி கீர்க்கெகார்ட் எழுதிய கட்டுரையையும் ஆங்கிலத்திலிருந்து பெயர்த்துச் சேர்க்கலாமா? (ஓய்வுபெற்ற வங்கி ஊழியர், கும்பகோணம்)

பதில்: பத்து பைசா கொடுக்காதீர்கள். அவர் எல்லாவற்றையும் தலைகீழாகச் சொல்லியிருக்கிறார்.

ஹைபெர்க் இறந்தது 1890 டிசம்பரில். நூலின் பதிப்புரிமை இந்தியாவில் எழுத்தாளர் இறந்த பின் 60 ஆண்டு, டென்மார்க்கில் 70 ஆண்டு. தன்வரலாறு 1891–92இல், அவர் மறைவுக்குப் பிறகுதான் நான்கு தொகுதிகளாக வந்தது. அப்படிப்பட்ட நூலுக்கு நம் சட்டம் வெளியான ஆண்டிலிருந்து எண்ணும். எப்படி எண்ணினாலும் கெடு எப்போதோ முடிந்துவிட்டது. அவர் எழுதி 1848இல் மேடையேறிய 'ஆமாகரில் ஒரு ஞாயிறு' நாடகத்துக்கும் இதே கணக்குதான். கணவர் இறந்த பின் அவர் மூன்று சிறுமிகளைத் தத்தெடுத்து வளர்த்தார். அவர்கள் வழியில் இன்று யாராவது இருந்தாலும் கொடுப்பதற்கு அவர்களிடம் எதுவும் இல்லை. தரகர் கொண்டுவரப்போவது யாருக்கும் படிக்கத் தெரியாத மொழியில் முத்திரை குத்திய ஒரு தாள். இப்படி இரண்டு தாள்களை என் மேசையிலேயே பார்த்திருக்கிறேன்.

ஆஸ்டா நீல்சன் இறந்தது 1972இல். 1945–46இல் வந்த அவர் தன்வரலாற்றுக்கு இந்தியாவில் 2032 முடியும்வரை உரிமை இருக்கிறது. காசு கேட்க வேண்டிய இடத்தில் இலவசம் என்கிறார், இலவசமான இடத்தில் காசு கேட்கிறார்!

உங்கள் ஆசை எனக்குப் புரிகிறது. ஏழைக் குடியேறிகளின் மகள், எட்டு வயதில் கோபன்ஹேகன் ராயல் தியேட்டரின் பாலே பள்ளியில் சேர்ந்து, அந்த மேடையின் முன்னணி நடிகையாகி, 1864இல் நடிப்பை விட்டு, பிறகு அங்கேயே இயக்குநராக நார்வே நாடகாசிரியர் இப்சனின் நாடகங்களை மேடையேற்றியவர். அரங்கத்தின் உள்சண்டைகளில் தன் பக்க நியாயத்தையும் விடாமல் எழுதுகிறார். ஒன்று மட்டும்: முதல் பதிப்பையே மூலமாக வையுங்கள். பிற்காலப் பதிப்புகளின் குறிப்புகள் பதிப்பாசிரியருக்குச் சொந்தம்.

இப்போது கீர்க்கெகார்ட். இங்கேதான் பலர் வழுக்கி விழுகிறார்கள். பதின்ம வயதில் ஜூலியட்டாக நடித்த ஹைபெர்க், 34 வயதில் மறுபடி அதே வேடம் கட்டினார். அதை வைத்து, நடிகையின் பெயரையே சொல்லாமல், 1848இல் ஒரு நாளிதழில் புனைபெயரில் எழுதியது அது. கீர்க்கெகார்ட் இறந்தது 1855இல், அதனால் டேனிஷ் மூலம் பொதுச்சொத்து. ஆங்கிலம் அப்படியல்ல. கிணறு ஊருக்குப் பொது. அந்தத் தண்ணீரில் ஒருவர் போட்ட காபி அவருடையது. ஹோங் தம்பதியின் மொழிபெயர்ப்பு 1997இல் பிரின்ஸ்டன் பல்கலைக்கழகப் பதிப்பக வெளியீடு. கணவர் ஹோவர்ட் ஹோங் இறந்தது 2010இல். அதாவது இந்தியாவில் 2070 முடிய அந்த ஆங்கிலத்தைத் தமிழாக்க அனுமதி வேண்டும். மூல ஆசிரியர் இறந்து நூறாண்டு ஆனாலும் அவர்கள் வாக்கியம் அவர்களுடையதே. சந்தேகம் வந்தால் பக்கத்தில் வைத்துப் பாருங்கள், பரவாயில்லை. அதைப் பார்த்து எழுதாதீர்கள். டேனிஷ் வாசிக்க வரும் என்கிறீர்கள், அப்புறம் எதற்கு ஆங்கிலம்?

'காப்புரிமை' கண்டுபிடிப்புக்கு. நூலுக்கு இருப்பது பதிப்புரிமை. இந்த வேறுபாடே தெரியாதவரிடம் 45,000 ரூபாயா? மொழிபெயர்த்து எழுதியவுடனேயே உங்கள் தமிழுக்கு உரிமை வந்துவிடும், பதிவு கட்டாயமில்லை. வேண்டுமென்றால் இணையத்தில் நீங்களே விண்ணப்பிக்கலாம், கட்டணம் 500 ரூபாய். 30 நாள் ஆட்சேபக் காலம், அப்புறம் எத்தனை நாள் என்று கேட்காதீர்கள். உரிமையுள்ள நூலை மொழிபெயர்க்க உரிமம் தர ஒரு வாரியம் இருந்தது. 2017இல் அதை ஒரு தீர்ப்பாயத்தோடு இணைத்தார்கள், 2021இல் தீர்ப்பாயத்தையே கலைத்தார்கள். இனி மொழிபெயர்ப்பாளர் நீதிமன்றப் படியேற வேண்டுமாம். நல்லவேளை, உங்களுக்கு அது தேவையில்லை.

அட்டைக்கு ஹைபெர்க்கின் முகமுள்ள டென்மார்க்கின் 200 குரோனர் நோட்டைப் போட நினைத்தால் விட்டுவிடுங்கள். 1997 வரிசை நோட்டு அது, 2025 மே மாதத்தோடு செல்லாமல் போய்விட்டது. நோட்டு செல்லாததானாலும் அதன் வடிவமைப்புக்கு உரிமையாளர் உண்டு. அவர் காலத்திலேயே வரைந்த படம் ஒன்றைத் தேடிப் போடுங்கள்.