இணையப் பக்கத்தில் பிறர் சொன்னதைக் காட்ட எச்டிஎம்எல்லின் மேற்கோள் டேக்கான பிளாக்கோட்டா (blockquote), தனிப்பொருள் எதுவும் இல்லாத பெட்டியான டிவ்வா (div)? தோற்றம் ஒன்றாகவே இருக்கும்போது எதைப் போட்டால் என்ன?

கேட்டவரின் நிலைமை இதுதான்: ஒரு கட்டுரைப் பக்கத்தில் உரையாசிரியர் கூற்று, குறள், வாடிக்கையாளர் சொன்னது, ‘கவனிக்க’ என்ற பெட்டி எல்லாம் வருகின்றன. எல்லாவற்றுக்கும் இடப்பக்கம் ஒரு கோடு, கொஞ்சம் உள்தள்ளல். டிவ்வுக்கு ஒரு கிளாஸ் (தோற்றத்தை இணைக்கும் பெயர்) கொடுத்தாலே வேலை முடிந்துவிடுகிறதே, பிளாக்கோட் எதற்கு என்கிறார்.

தோற்றத்தை ஒதுக்கிவிட்டு, அந்த வரிகள் யாருடையவை என்று பாருங்கள். வேறொரு மூலத்திலிருந்து எடுத்து வைத்தவை என்றால் பிளாக்கோட். உங்கள் சொற்களையே தனித்துத் தெரியப் பெட்டி கட்டுகிறீர்கள் என்றால் டிவ், அல்லது அதைவிடப் பொருத்தமான இன்னொரு டேக். இதில் நான் கறாராகவே இருப்பேன்.

இந்தக் குழப்பம் வந்ததற்கு வரலாறு ஒரு காரணம். 1995-ல் வந்த எச்டிஎம்எல் 2.0-லேயே பிளாக்கோட் இருந்தது. டிவ் அப்போது இல்லை. 1997 ஜனவரியில் வந்த 3.2-ல்தான் சேர்ந்தது. பக்கத்தின் தோற்றத்தைத் தனியாக எழுத உதவும் சிஎஸ்எஸ்ஸின் முதல் பதிப்பே 1996 டிசம்பரில்தான் வெளியானது. பத்தியை உள்ளே தள்ள வேறு எளிய வழி இல்லாத காலத்தில், பிரௌசர்கள் இருபுறமும் தள்ளிக் காட்டிய பிளாக்கோட்டை எல்லோரும் அதற்கே பயன்படுத்தினார்கள். உள்தள்ளலுக்கு இதைப் பயன்படுத்துவது கைவிடப்பட வேண்டிய வழக்கம், ஸ்டைல்ஷீட்டில், அதாவது சிஎஸ்எஸ்ஸில், செய்யுங்கள் என்று 1999-ன் எச்டிஎம்எல் 4.01 எழுத்திலேயே சொல்லிவிட்டது. அதன்பின் பலர் மறுகோடிக்குப் போய், உண்மையான மேற்கோளையும் டிவ்வில் போட ஆரம்பித்தார்கள். வேறு எந்த டேக்கும் பொருந்தாதபோது கடைசியாகக் கையில் எடுக்க வேண்டியது டிவ் என்றுதான் இன்றைய எச்டிஎம்எல் தரம் (விதித்தொகுப்பு) சொல்கிறது.

தோற்றம் ஒன்றாக இருந்தாலும் விளைவு ஒன்றல்ல. என்விடிஏ போன்ற திரைவாசிப்பான் (திரையில் உள்ளதைப் படித்துச் சொல்லும் மென்பொருள்) பிளாக்கோட்டுக்குள் நுழையும்போதும் வெளியேறும்போதும் அதை வாய்விட்டுச் சொல்லும். டிவ்வைப் பற்றி ஒன்றும் சொல்லாது. பார்வையற்ற வாசகருக்கு எங்கே உங்கள் குரல் நின்று இன்னொருவர் குரல் தொடங்குகிறது என்பதே தெரியாமல் போகும். ஒருவர் சொன்னதை நீங்கள் மறுத்து எழுதியிருந்தால், அவர் சொன்னதையும் உங்கள் கருத்தென்றே எடுத்துக்கொள்ளக்கூடும். கண்ணால் படிப்பவருக்கும் இதே கதி நேரலாம். பிரௌசர் உரையை மட்டும் காட்டும் ரீடர் மோடிலோ, பல தளங்களின் பதிவுகளை ஓரிடத்தில் திரட்டும் ஃபீட் ரீடரிலோ உங்கள் ஸ்டைல்ஷீட் வருவதில்லை. கிளாஸ் கொடுத்த டிவ் அங்கே சாதாரணப் பத்தியாகக் கரைந்துவிடும், பிளாக்கோட் மேற்கோளாகவே நிற்கும்.

உங்கள் உதாரணங்களிலேயே குறளைக் கொஞ்சம் விரிவாகப் பார்க்கலாம், தமிழ்ப் பக்கங்கள் கட்டுவோர் அதிகம் தடுமாறுவது இங்கேதான். ஒரு குறளை எடுத்து விளக்கும் கட்டுரை என்றால் அந்தக் குறள் பிளாக்கோட்டுக்குள் போக வேண்டும். முதலடியில் நான்கு சீர், அடுத்ததில் மூன்று என்ற பிரிவு செய்யுளின் பகுதி, அதனால் அடிகளுக்கு நடுவே வரியை முறிக்கும் பிஆர் (br) டேக் போடுவது சரியே. கீழே பரிமேலழகர் உரையை அப்படியே தருகிறீர்களா? அது தனியாக இன்னொரு பிளாக்கோட். அதன் கீழே நீங்கள் எழுதும் விளக்கம் வெறும் பத்தி. உரையாசிரியர்கள் பிற நூல்களிலிருந்து மேற்கோள் காட்டுவது வழக்கம். அந்த அடிகளும் தனித்து நிற்க வேண்டும் என்றால் பிளாக்கோட்டுக்குள் பிளாக்கோட் வைக்கலாம், தரம் அதை அனுமதிக்கிறது.

ஆனால் 1330 குறளையும் மூலமாக வெளியிடும் பக்கம் என்றால் கதை வேறு. 1998-ல் தொடங்கிய மதுரைத் திட்டம் செய்வதுபோல நூலையே மின்பதிப்பாகத் தரும் இடத்தில் யாரும் யாரையும் மேற்கோள் காட்டவில்லை. நூல்தான் அந்தப் பக்கத்தின் சொந்த உள்ளடக்கம். அங்கே ஒவ்வொரு குறளுக்கும் பிளாக்கோட் போட்டால் திரைவாசிப்பான் 1330 முறை ‘மேற்கோள்’ என்று சொல்லிக் கேட்பவரைச் சோர்வடையச் செய்துவிடும். பத்தி டேக்கே போதும். ஒரே குறள், ஒரே இரண்டடி. அது அந்தப் பக்கத்தில் என்ன வேலை செய்கிறது என்பதைப் பொறுத்து டேக் மாறுகிறது.

மற்றவை சுருக்கமாக. வாடிக்கையாளர் சொன்னதைக் கடைப் பக்கத்தில் எடுத்துப் போட்டால் பிளாக்கோட். கட்டுரையின் அடியில் வாசகர்களே இடும் கருத்துகள் மேற்கோள் அல்ல, ஒவ்வொன்றும் தனித்து நிற்கும் பதிவு என்பதால் ஓர் ஆர்ட்டிகிள் (article) டேக். உங்கள் கட்டுரை வரி ஒன்றையே பெரிய எழுத்தில் மறுபடி காட்டுவதற்கு, பக்கக் குறிப்புக்கான அசைட் (aside) டேக். ‘கவனிக்க’ பெட்டிக்கு அசைடோ டிவ்வோ. எளிய குறிகளால் எழுதி எச்டிஎம்எல்லாக மாற்றும் மார்க்டவுனில் இந்தப் பெட்டிக்கும் மேற்கோளுக்கான > குறியையே போட்டுப் பழகிவிட்டோம். நிரல்களைப் பகிரும் தளமான கிட்ஹப் 2023-ல் இதற்கென்று தனி எழுத்துமுறை கொண்டுவந்தது. எழுதுவது அந்த > குறியில்தான், ஆனால் பக்கத்தில் வெளிவருவது டிவ். எனக்கு அது சரியான முடிவாகப் படுகிறது.

சொன்னவர் பெயரை எங்கே வைப்பது என்பதில், எச்டிஎம்எல் தரத்தை எழுதிய இரண்டு அமைப்புகள் வேறு வேறு விதி வைத்திருந்தன. டபிள்யூ3சியின் 2014 எச்டிஎம்எல்5, பெயரை பிளாக்கோட்டுக்குள்ளேயே ஃபுட்டர் (footer) டேக்கிலோ சைட் (cite) டேக்கிலோ வைக்க இடம் கொடுத்தது. இன்னொரு அமைப்பான வாட்விஜி, மேற்கோளுக்குள் மேற்கோள் வரிகள் மட்டுமே இருக்கட்டும், பெயர் வெளியே போகட்டும் என்றது. இவை இரண்டும் 2019 மே மாதம் செய்துகொண்ட உடன்பாட்டுக்குப் பின் வாட்விஜியின் தரமே ஒரே தரம். ஆகவே ஃபிகர் (figure) டேக் ஒன்றைத் திறந்து, உள்ளே பிளாக்கோட், அதன் கீழே விளக்கவரிக்கான ஃபிக்கேப்ஷனில் (figcaption) பெயர் என்று வையுங்கள். சைட் டேக் நூலின் தலைப்புக்கு உரியது, ஆளின் பெயருக்கு அல்ல. பிளாக்கோட்டில் சைட் என்று ஒரு பண்பும் உண்டு, மூலத்தின் முகவரியைத் தர. அது திரையில் தெரியாது. வாசகர் மூலத்துக்குப் போக வேண்டும் என்று நினைத்தால் கண்ணுக்குத் தெரியும் இணைப்பையும் கொடுங்கள்.

வாக்கியத்துக்கு நடுவே வரும் சிறு மேற்கோளுக்கு க்யூ (q) டேக் இருக்கிறது. அதற்கு மேற்கோள் குறிகளை பிரௌசரே போட்டுவிடும். நீங்களும் தட்டினால் இரட்டிப்பாகும். அந்தக் குறிகள் ஸ்டைலிலிருந்து வருவதால், உரையை நகலெடுக்கும்போது பெரும்பாலும் கூட வராது. நான் க்யூவைத் தவிர்த்து மேற்கோள் குறிகளைக் கையாலேயே தட்டுகிறேன். தரம் இரண்டையும் சரி என்றே ஏற்கிறது.

செல்போனில் பிளாக்கோட் இடத்தை விழுங்குகிறது என்று சிலர் டிவ்வுக்கு ஓடுவதையும் பார்க்கிறேன். இயல்பாக இருபுறமும் 40 பிக்சல் ஓரம் விழுவதால், 360 பிக்சல் திரையில் 280தான் மிஞ்சும். நீளமான தமிழ்ச் சொற்களுக்கு அது உண்மையிலேயே நெருக்கடி. ஆனால் மாற்ற வேண்டியது டேக்கை அல்ல. ஸ்டைல்ஷீட்டில் அந்த ஓரத்தைச் சுழியாக்கி, இடப்பக்கம் கோட்டுக்கு ஒட்டி 12 பிக்சல் பேடிங் (உள் இடைவெளி) கொடுத்தால் போதும். கூடவே, பத்தி டேக்கைத் திறந்து அதற்குள் பிளாக்கோட்டையோ டிவ்வையோ வைக்காதீர்கள். பிரௌசர் பத்தியை அந்த இடத்திலேயே மூடிவிடும், நீங்கள் கொடுத்த ஸ்டைல் பாதியில் அறுந்து நிற்கும்.