கழகம் கைவிட்ட மகன்: மைதானமா, பல்கலைக்கழகமா?

கேள்வி: என் மகனுக்கு 18 வயது. இங்கிலாந்தின் நான்காம் நிலைப் பிரிவான லீக் டூவின் உதைபந்தாட்டக் கழகமொன்றில் இரண்டு ஆண்டுகள் பயிலுநராக இருந்து, விங்கராக (பக்கவாட்டில் தாக்கி ஆடுபவராக) விளையாடினான். தொழில்முறை ஒப்பந்தம் தர முடியாது என்று மே மாதத்தில் சொல்லிவிட்டார்கள். இப்போது அதற்கு இரண்டு படி கீழேயுள்ள நேஷனல் லீக் சவுத் பிரிவின் கழகமொன்று பகுதிநேர வீரராக அழைக்கிறது. என் கணவரோ பந்தை மறந்துவிட்டுப் பல்கலைக்கழகம் போகட்டும் என்கிறார். வீட்டில் தினமும் வாக்குவாதம். என்ன செய்வது? – ஒரு தாய், ஹரோ, லண்டன்

பதில்: அன்புச் சகோதரிக்கு,

உங்கள் கணவரின் அச்சத்தில் நியாயம் இருக்கிறது. பிரீமியர் லீக்கிற்குக் கீழேயுள்ள மூன்று பிரிவுகளின் 72 கழகங்களும் ஆண்டுதோறும் மே மாதத்தில் யாரை வைத்திருப்பது, யாரை விடுவிப்பது என்று பட்டியலிடுகின்றன. பயிலுநர் காலத்தை முடித்த இளைஞர்களில் பலரின் பெயர் இரண்டாவது பட்டியலில்தான் வரும். அதிலும் விங்கரின் நிலை இன்னும் சிக்கலானது. கீழ்ப்பிரிவுகளில் பல பயிற்சியாளர்கள் மூன்று தடுப்பாளர்களையும் இரு பக்கங்களிலும் தடுத்தும் தாக்கியும் ஆடும் விங்-பேக்குகளையும் நிறுத்துவதால், பழைய பாணி விங்கருக்கு அணியில் இடமே இல்லாமல் போய்விடுகிறது. ஆகவே, உங்கள் மகனை விடுவித்ததை அவனுடைய திறமைக்கு எழுதப்பட்ட இறுதித் தீர்ப்பாக நான் கொள்ள மாட்டேன்.

உங்கள் ஹரோவிலேயே பிறந்த ஜமால் லோவ் என்ற விங்கரை எண்ணிப் பாருங்கள். பார்னெட் கழகத்தை விட்டு வெளியேறியபின் அவர் லீக் பிரிவுகளுக்குக் கீழே இறங்கி விளையாடினார். பாடசாலையில் உடற்கல்வி கற்பித்துக்கொண்டே ஹாம்ப்டன் அண்ட் ரிச்மண்ட் கழகத்துக்காக ஆடினார். 2017 ஜனவரியில், 22 வயதில், அப்போது லீக் டூவில் இருந்த போர்ட்ஸ்மத் அவரை எடுத்தது. அதே ஏப்ரலில் நொட்ஸ் கவுண்டி மைதானத்தில் அவர் அடித்த இரண்டு கோல்கள் அணி மேற்பிரிவுக்கு உயர்வதை உறுதிசெய்தன. 2019இல் வெம்ப்ளியில், 85,000 பேருக்கு மேல் திரண்டிருந்த, கீழ்ப்பிரிவுக் கழகங்கள் மோதும் ஈஎஃப்எல் டிராபி இறுதியாட்டத்தின் கூடுதல் நேரத்தில், முன்னேறி வந்த கோல்காப்பாளரின் தலைக்கு மேலாகப் பந்தைத் தூக்கிப் போட்டு கோலடித்தார். லோவைப் போல மேலேறியவர்கள் சிலரே என்பதையும் உங்கள் மகனிடம் மறைக்காதீர்கள். ஆனால் அந்தச் சிலரும் மேலேறியது, கீழே இறங்கி வாரந்தோறும் ஆடியதால்தான். பெரிய கழகத்தின் மாற்று வீரர் இருக்கையில் குளிர்காய்ந்த விங்கரை யாரும் தேடி வருவதில்லை.

எனவே மைதானமா, பல்கலைக்கழகமா என்ற கேள்வியே தேவையில்லை என்பது என் கருத்து. பகுதிநேரக் கழகங்கள் பெரும்பாலும் வாரத்தில் இரண்டு மாலைகளில்தான் பயிற்சி நடத்துகின்றன. பயிலுநர் காலத்தில் அவன் பெற்ற கல்வித் தகைமையைக் கையில் எடுத்துக்கொண்டு, வீட்டிலிருந்தே போய்வரக்கூடிய லண்டன் பல்கலைக்கழகமொன்றுக்கு, பல்கலைக்கழக விண்ணப்பங்களைக் கையாளும் யூகாஸ் அமைப்பின் ஊடாக இப்போதே விண்ணப்பிக்கட்டும். வழமையான விண்ணப்பங்களுக்கான ஜூன் 30 கடந்துவிட்டாலும், மீதமுள்ள இடங்களை நிரப்பும் கிளியரிங் வழி திறந்திருக்கும். தொழில்முறை வீரர் சங்கமான பிஎஃப்ஏ முன்னாள் உறுப்பினர்களின் கல்விக்கும் உதவுவதால், அங்கும் ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள். உங்கள் கணவருக்கும் இது ஓரளவு மனநிறைவு தரும் என்று நினைக்கிறேன்.

கையெழுத்திடும் முன் அவன் பயிற்சியாளரிடம் நேரில் கேட்க வேண்டியவை சில உண்டு. எழுத்து ஒப்பந்தமா, ஒப்பந்தமில்லாத பதிவா? ஒப்பந்தமில்லாத பதிவில் வேறு கழகத்துக்கு எளிதாக மாறலாம். ஆனால் கழகமும் எந்த உத்தரவாதமும் தராது. தொடைத் தசை கிழிந்து ஆறு வாரம் படுத்தால் சம்பளம் வருமா? வேகத்தை நம்பி வாழும் விங்கருக்கு இது வெறும் கற்பனையல்ல. பயணச் செலவு யாருடையது? பாத் நகரம் வரை போய் ஆட வேண்டிய பிரிவு அது. எல்லாவற்றுக்கும் மேலாக, அவனை எந்த இடத்தில் ஆடவைக்கப் போகிறார்கள்? விங்-பேக்காக என்று பதில் வந்தால் முகம் சுளிக்காமல் ஏற்றுக்கொள்ளச் சொல்லுங்கள். தடுப்பாட்டமும் தெரிந்த விங்கருக்கே இன்றைய லீக் டூவில் கிராக்கி.