கைதிகளைப் பரிவோடு காட்டும் ஆவணப்படங்கள் குற்றத்தை நியாயப்படுத்துவது ஆகாதா?

ஆகிற படங்களும் உண்டு. பின்னணியில் வயலினை இழையவிட்டு, கண்ணீரை க்ளோசப்பில் காட்டி, "பாவம், எல்லாம் சூழ்நிலை" என்று முடித்துவிடுகிற ரகம். எனக்கும் அவை ஒத்துவராது. ஆனால் ஈரானிய இயக்குநர் மெஹர்தாத் ஓஸ்கூயியின் படங்களைப் பார்த்தவர்கள் பரிவையும் வக்காலத்தையும் ஒன்றாகப் போட்டுக் குழப்ப மாட்டார்கள்.

2016இல் வந்த 'ஸ்டார்லெஸ் ட்ரீம்ஸ்' தெஹ்ரானில் சிறுமிகளுக்கான சீர்திருத்த இல்லம் ஒன்றில் எடுக்கப்பட்டது. திருட்டு, போதைப்பொருள், வீட்டை விட்டு ஓடிப்போனது என்று ஆளுக்கொரு வழக்கு. அப்பாவைக் கொன்ற வழக்கில் வந்தவளும் இருக்கிறாள். உள்ளே கேமராவைக் கொண்டுபோக அனுமதி வாங்கவே ஓஸ்கூயிக்கு 7 ஆண்டுகள் பிடித்தன.

அங்கே ஒரு பெண்ணுக்குப் பெயரே 651. பிடிபட்டபோது அவளிடம் இருந்த போதைப்பொருள் 651 கிராம். அதுவே பட்டப்பெயராக ஒட்டிக்கொண்டது. இயக்குநரின் குரல் மட்டும் கேமராவுக்குப் பின்னாலிருந்து வருகிறது. எதற்காக உள்ளே வந்தாய், வெளியே போனால் என்ன செய்வாய் என்று நேராகவே கேட்கிறார். கொலை வழக்கில் வந்தவளிடம் கொலையைப் பற்றியே கேட்கிறார். அவளும் மழுப்புவதில்லை. வீட்டில் பட்ட அடியையும் சொல்கிறாள், செய்ததையும் சொல்கிறாள். இரண்டில் எது கனம் என்று நமக்கு எடைபோட்டுத் தர ஆள் இல்லை.

கேள்வி ஒரு பக்கமாக மட்டும் போகவில்லை என்பதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. தனக்கும் அந்த வயதில் ஒரு மகள் இருப்பதாக அவர் சொல்லும்போது, உங்கள் மகள் அன்பிலும் வசதியிலும் வளர்கிறாள், நாங்கள் அழுக்கில் வளர்ந்தவர்கள் என்ற பொருளில் ஒருத்தி முகத்துக்கு நேரே சொல்லிவிடுகிறாள். அவரிடம் பதில் இல்லை. எடிட்டிங்கில் வெட்டியிருந்தால் யாருக்கும் தெரியப்போவதில்லை. வைத்திருக்கிறார்.

தொழுகை நடத்த வரும் மதகுருவையும் அவர்கள் விடுவதில்லை. ஆணுக்கும் பெண்ணுக்கும் ஏன் வெவ்வேறு நியாயம் என்று மடக்குகிறார்கள். ஈரான் சட்டத்தில் பெண்பிள்ளைக்குக் குற்றப் பொறுப்பு சந்திரக் கணக்கில் 9 வயதிலேயே வந்துவிடுகிறது, ஆண்பிள்ளைக்கு 15. பிள்ளையைக் கொன்ற தகப்பனுக்குக் 'கிசாஸ்' எனும் பழிக்குப்பழி தண்டனை கிடையாது. தகப்பனைக் கொன்ற பிள்ளைக்கு உண்டு. இதெல்லாம் தெரிந்து பார்த்தால் அந்தக் காட்சி வேறு மாதிரி தைக்கும்.

நடுவே பனி பெய்கிறது. எல்லோரும் ஓடிப்போய் உருட்டி எறிந்து விளையாடுகிறார்கள். அப்புறம் விடுதலை. குதித்துக்கொண்டு போவார்கள் என்று பார்த்தால், வீட்டுக்குப் போகப் பயந்து நடுங்குகிற பெண்களைப் பார்க்கிறோம். சிறையை விட வீடு பயம் என்றால் யாரை யாரிடமிருந்து பூட்டி வைத்திருக்கிறார்கள்?

அடுத்து 2019இல் 'சன்லெஸ் ஷேடோஸ்'. ஆம்ஸ்டர்டாம் ஆவணப்பட விழாவின் தொடக்கப் படம். சிறந்த இயக்கத்துக்கான பரிசும் அங்கே கிடைத்தது. இதில் வருகிறவர்கள் அப்பாவையோ கணவனையோ வீட்டு ஆண் வேறொருவரையோ கொன்ற வழக்கில் உள்ளே இருப்பவர்கள். அதே கொலையில் சேர்ந்து சிக்கிய சிலரின் அம்மாக்கள் இன்னொரு சிறையில் மரண தண்டனைக்குக் காத்திருக்கிறார்கள். இறந்தவரின் குடும்பம் மன்னித்தால்தான் உயிர் தப்பும். அந்தக் குடும்பம் பெரும்பாலும் இவர்களுடைய சொந்தக் குடும்பமேதான் என்பது இன்னொரு கொடுமை. ஓஸ்கூயி ஒரு தனி அறையில் கேமராவை வைத்துவிட்டு வெளியே போய்விடுகிறார். பெண்கள் ஒவ்வொருவராக வந்து, தாங்களே அதை ஓடவிட்டு, செத்துப்போனவரிடம் பேசுகிறார்கள். கோபமும் பாசமும் கலந்து வருகிறது. "நான் செய்தது சரி" என்று சாதிக்கிற தொனியைத் தேடினாலும், நீங்கள் பயப்படுகிற அளவுக்குக் கிடைக்காது.

ஒரு உறுத்தல் எனக்கும் உண்டு. இவர்கள் சிறுமிகள், முகம் மறைக்கப்படவில்லை. இந்தியாவில் 2015ஆம் ஆண்டின் சிறார் நீதிச் சட்டம், 74ஆவது பிரிவு, வழக்கில் சிக்கிய சிறாரின் அடையாளத்தை வெளியிடுவதைப் பொதுவாகத் தடுக்கிறது. அந்தத் தடை சரி என்றே நினைக்கிறேன். முகம் தெரியாமல் இந்தப் படங்கள் பாதிகூடத் தேறியிருக்காது என்றும் நினைக்கிறேன். இரண்டையும் எப்படிச் சேர்த்து வைப்பது என்று தெரியவில்லை.

பார்ப்பதாக இருந்தால் முதலில் 2016 படம். இரண்டையும் ஒரே ராத்திரியில் போட்டுக்கொள்ள வேண்டாம்.