மற்றும் பலர்

அன்புள்ள அக்காவுக்கு,

ஹாலிவுட் நடிகர் டாம் நூனன் பற்றி நீங்கள் எழுதிய குறிப்பைப் படித்தேன். வில்லனாக நடித்தவர் சொந்தமாகப் படமும் எடுத்து, நடிப்பும் சொல்லிக்கொடுத்திருக்கிறார் என்பது ஆச்சரியமாக இருந்தது. நான் ஐந்து வருடமாக இங்கே சிங்கப்பூரில் தொலைக்காட்சித் தொடர்களில் நடிக்கிறேன். எல்லாம் வெறும் துண்டு வேடங்கள்தான். போலீஸ்காரர், அடியாள், அடுத்த வாரம் காண்டோ எனும் தனியார் அடுக்குமாடி வாசலில் நிற்கும் காவலர். பகலில் ஒரு கிடங்கில் வேலை. நடிப்பை விட்டுவிட்டு ஒரு குறும்படம் எடுக்கலாமா என்று யோசிக்கிறேன். எட்டாயிரம் வெள்ளி சேர்த்து வைத்திருக்கிறேன். எந்த கேமரா வாங்கலாம்? இல்லை, சென்னைக்குப் போய் முயற்சி செய்வதா? நூனனைப் போல மூன்று தொழிலையும் தொட்டால் எதிலும் நிலைக்காமல் போய்விடுமோ என்று பயமாகவும் இருக்கிறது. பெயர் வேண்டாம் அக்கா.

ஈசூன் வாசகர்

அன்புள்ள தம்பி,

கேமரா வாங்காதீர்கள். வாடகைக்குக் கிடைக்கும், இல்லையென்றால் கையில் இருக்கும் போன் போதும். சென்னைக்குப் போக வேண்டும் என்று மனசு அரித்துக்கொண்டே இருந்தால் ஒரு முறை போய்ப் பார்த்துவிட்டு வாருங்கள். இந்த இரண்டையும் இத்தோடு விட்டுவிடுவோம்.

உங்கள் கடிதத்தில் என்னைப் பிடித்து நிறுத்தியது 'வெறும்' என்ற சொல். ஐந்து வருடம் செய்த வேலைக்கு முன்னால் அதைப் போட உங்களுக்கு எப்படி மனம் வந்தது? அடுத்த வாரம் காவலராக நடிக்கப் போகிறீர்கள். நீங்கள் வேலை பார்க்கும் கிடங்கின் வாசலிலும் ஒரு காவலர் உட்கார்ந்திருப்பாரே, அவர் முகத்தை நிமிர்ந்து பார்த்திருக்கிறீர்களா? பார்த்திருந்தால் அந்தச் சொல் வந்திருக்காது.

நூனனுக்கு ஏறக்குறைய ஆறரை அடி உயரம். அந்த உடம்பைப் பார்த்ததும் ஹாலிவுட்டுக்கு, ஆட்களைப் பயமுறுத்தக் கூப்பிடத்தான் தோன்றியது. 1986இல் மைக்கேல் மான் இயக்கிய 'மேன்ஹண்டர்' படத்தில் குடும்பம் குடும்பமாகக் கொல்கிறவன். 1990இல் 'ரோபோகாப் 2'வில் போதைமருந்துக் கும்பலின் தலைவன். 1993இல் 'லாஸ்ட் ஆக்‌ஷன் ஹீரோ'வில் கோடரியோடு வரும் கொலைகாரன். பட்டியலாகப் பார்த்தால் உங்கள் அடியாள் வேடங்களுக்கும் இவற்றுக்கும் பெரிய வித்தியாசம் தெரியாது. ஆனால் 'மேன்ஹண்டர்' படப்பிடிப்பில் அவர் என்ன செய்தார் தெரியுமா? தன்னைத் துரத்துகிறவர்களாக நடிப்பவர்களை முன்கூட்டிச் சந்திக்க மாட்டேன் என்று சொல்லித் தனியாகவே இருந்தார். கடைசிக் காட்சியில் வில்லியம் பீட்டர்சன் கண்ணாடியை உடைத்துக்கொண்டு பாயும்போதுதான் இருவருக்கும் முதல் சந்திப்பு. அப்புறம் 1995இல் வந்த 'ஹீட்'. அதில் ராபர்ட் டி நிரோவிடம் வங்கிக் கொள்ளைக்கான தகவலை விற்கும் ஆளாகச் சில நிமிடம் வருகிறார், சக்கர நாற்காலியில். அவ்வளவு உயரமான மனிதரை உட்காரவைத்துவிட்டார்கள், மிச்சம் இருப்பது குரலும் முகமும்தான். அதை வைத்துக்கொண்டே, இந்த ஆளுக்கு ஒரு வீடு இருக்கிறது, இரவில் தூக்கம் வராத ஒரு பழக்கம் இருக்கிறது என்றெல்லாம் நம்மை நினைக்கவைக்கிறார்.

அவர் எழுதி இயக்கிய 'வாட் ஹேப்பன்ட் வாஸ்' படத்தைப் பார்த்துவிட்டீர்களா? இல்லையென்றால் அதிலிருந்து தொடங்குங்கள். ஒரே அலுவலகத்தில் வேலை பார்க்கும் இரண்டு பேர், ஒரு வெள்ளிக்கிழமை இரவு, அந்தப் பெண்ணின் வீட்டில் சாப்பாடு. அவ்வளவுதான் கதை. முதலில் நாடகமாக மேடையேறியது, பிறகு படம். 1994இல் அமெரிக்காவின் சன்டான்ஸ் திரைப்பட விழாவில் நடுவர் குழுவின் பெரிய பரிசும் திரைக்கதைக்கான விருதும் அதற்குத்தான் கிடைத்தன. அந்த இரண்டு பேரும் யார்? வேறு யாராவது எடுக்கும் படத்தில் கதாநாயகியின் அலுவலகத்தில் பின்னால் உட்கார்ந்து தட்டச்சு செய்துகொண்டிருப்பவர்கள். நூனன் அவர்களை வீட்டுக்கு அழைத்து வந்து, கதவைச் சாத்திவிட்டு, இரவு முழுக்க நம்மைப் பார்க்க வைத்தார். நியூயார்க்கில் அவர் நடத்திய சின்ன அரங்கில் சொல்லிக்கொடுத்ததும் இதைத்தான் என்று நினைக்கிறேன். மூன்று தொழில் என்கிறீர்கள். எனக்கு ஒன்றுதான் தெரிகிறது. யாரும் பார்க்காத ஆளைப் பார்ப்பது. நடிக்கும்போது தன் உடம்பால் செய்தார், படம் எடுக்கும்போது இன்னொருவர் உடம்பையும் வைத்துச் செய்தார், அப்புறம் பிறருக்கும் செய்யக் கற்றுக்கொடுத்தார்.

2015இல் வந்த 'அனோமலிசா' என்ற பொம்மைப் படத்தில் மூன்றே குரல்கள். நாயகனுக்கு ஒன்று, நாயகிக்கு ஒன்று. டாக்சிக்காரர், ஹோட்டல் பணியாள், மனைவி, மகன் என்று மீதி அத்தனை பேருக்கும் நூனனின் குரல். பெயர்ப்பட்டியலில் அவருக்குப் போட்டிருக்கும் பாத்திரப் பெயர் 'மற்ற எல்லாரும்'.

அதைப் படித்த இரவு நான் தூங்கவில்லை. எங்கள் நாடக வாத்தியார் ஞாபகம் வந்துவிட்டது.

தொண்ணூறுகளின் தொடக்கம். எனக்கு இருபத்திரண்டு வயது. சமூக மன்றத்தின் மாடியில், பிங் பாங் மேசைகளைச் சுவரோரம் தள்ளிவிட்டு ஒத்திகை நடக்கும். வாத்தியார் பகலில் ஜூரோங்கில் கப்பல் பட்டறையில் வெல்டிங் வேலை பார்த்தவர். ஏழரைக்கு வருவார், நகக்கண்ணில் கறுப்பு போயிருக்காது. அந்த நாடகத்தில் நாயகி வேடம் எனக்குத்தான் என்று நான் முடிவே செய்துவிட்டேன். கிடைத்தது பக்கத்து வீட்டு அக்கா. நாலு வரி. பேருந்தில் அழுதுகொண்டே வீட்டுக்குப் போனேன். மறுநாள் "வெறும் நாலு வரிக்கு நான் எதற்கு?" என்று கேட்டேன். ஆமாம் தம்பி, அதே சொல். அவர் கோபப்படவில்லை. "ஒரு வாரம் காலையில் தேக்கா சந்தைக்குப் போ. எதுவும் வாங்காதே, யாரோடும் பேசாதே. மீன் கடைப் பக்கம் நின்று பார்த்துவிட்டு வா" என்றார்.

முதல் மூன்று நாள் எரிச்சலோடு நின்றேன். ஈரத்தரையில் செருப்பு வழுக்கும், மீன் வாடை துணியில் ஒட்டிக்கொள்ளும். நான்காம் நாள் ஒரு பெண்மணி வந்தார். என் அம்மா வயது, வெளிறிப்போன வாயில் புடவை. விலை கூடிய பாத்தாங் மீன் என்ன விலை என்று நாலு பேருக்குக் கேட்கும்படி விசாரித்தார். கடைக்காரர் சொன்னதும் தலையை ஆட்டிவிட்டு, குரலைத் தாழ்த்தி, மலிவான குனிங் மீன் கொஞ்சம் வாங்கினார். அந்தப் பொட்டலத்தைக் கூடையின் அடியில் வைத்து, மேலே கீரைக்கட்டைப் பரப்பி மூடினார். தெரிந்தவர் யாரோ எதிரே வர, சிரித்துப் பேசிக்கொண்டே கூடையைப் பின்னால் நகர்த்திக்கொண்டார்.

நாடகத்தன்று நான் கூடையோடு உள்ளே போனேன். அதே நாலு வரிதான், ஒரு சொல் கூட்டவில்லை. நாயகி கிட்டே வந்ததும் கீரையைச் சரிசெய்து, கூடையை இன்னொரு கைக்கு மாற்றினேன். முன்வரிசையில் ஓர் அம்மா சிரித்தார், சிரிப்பு பாதியில் நின்றது. அந்த மௌனம் இன்னும் எனக்குள் இருக்கிறது. ஓரத்தில் திரைக்குப் பக்கத்தில் வாத்தியாரைப் பார்த்தேன். அவர் உதடு அசைந்துகொண்டிருந்தது. என் வரி, நாயகியின் வரி, தாத்தாவின் வரி, தபால்காரரின் ஒரே ஒரு வரி, அத்தனையையும் சத்தமில்லாமல் சொல்லிக்கொண்டிருந்தார். மற்ற எல்லாரும்.

நிகழ்ச்சியின் தாளில் நாயகன், நாயகி பெயர்களை அச்சிட்டு, கீழே 'மற்றும் பலர்' என்று போட்டிருந்தார்கள். எழுதி, இயக்கி, சொல்லிக்கொடுத்தவரும் அந்தப் பலரில் ஒருவராகிவிட்டார். ஏற்பாடு செய்தவர்களிடம் நான் சண்டைக்குப் போனேன். வாத்தியார் என் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு காப்பிக்கடைக்குப் போய்விட்டார். அந்தக் கோபம் இன்னும் தீரவில்லை. உங்கள் மேல் இப்போது பாய்வதும் அதுதான் போல. மன்னித்துக்கொள்ளுங்கள், ஆனால் சொன்னதை மாற்றிக்கொள்ள மாட்டேன்.

இந்த ஊரில் 'மற்றும் பலர்' என்றால் என்னவென்று நமக்கு யாரும் சொல்லித்தர வேண்டாம். பிற மொழித் தொடர்களில் ஒரு தமிழர் வந்தால் பெரும்பாலும் எதற்காக வருவார் என்று உங்களுக்கே தெரியும், நீங்களும் போயிருப்பீர்கள். ஆனால் 1988இல் நம் ஊர் நாடகாசிரியர் குவோ பாவ் குன் மேடையேற்றிய, பூனையைத் தேடும் சீன அம்மாவின் நாடகத்தை நினைத்துப் பாருங்கள். ஹொக்கியன் என்ற சீன வட்டார மொழி மட்டுமே பேசும் அந்த அம்மாவின் பேச்சு சொந்தப் பிள்ளைகளுக்கே புரிவதில்லை. அவரைப் போலவே பூனையைத் தேடிவரும் ஒரு தமிழ்ப் பெரியவர் எதிர்ப்படுகிறார். அவர் மொழி இவருக்குத் தெரியாது, இவர் மொழி அவருக்குத் தெரியாது. கையாலும் முகத்தாலும் பேசிக்கொள்கிறார்கள். நாடகத்தில் அந்த அம்மாவைப் புரிந்துகொள்ளும் ஆள் அந்தத் தமிழர்தான். அதைத் துண்டு வேடம் என்பீர்களா? நம் ஊர்த் திரைப்பட இயக்குநர் கே. ராஜகோபாலும் மேடையில் நடித்தவர்தான். சிறையிலிருந்து வெளியே வரும் ஒரு தமிழரை நடுவில் வைத்து அவர் எடுத்த 'எ யெல்லோ பர்ட்' படம் 2016இல் கான் திரைப்பட விழாவின் விமர்சகர் வாரத்துக்குப் போனது. வேறு கதைகளில் அப்படிப்பட்ட ஆள் ஓரமாக வந்துபோவதோடு சரி.

குறும்படம் எடுங்கள், வேண்டாம் என்று சொல்லவில்லை. நடிப்பை மட்டும் விடாதீர்கள். எட்டாயிரத்தை அப்படியே வையுங்கள். அடுத்த வாரம் காவலர் வேடம் என்றீர்களே. நாளைக்கு கிடங்குக்கு அரை மணி நேரம் முன்னதாகப் போங்கள். வாசலில் இருக்கும் பெரியவர் சாப்பாட்டுப் பொட்டலத்தை எங்கே வைத்திருக்கிறார், பாதிச் சாப்பாட்டில் லாரி வந்து ஹாரன் அடித்தால் கையில் இருக்கும் சோற்றை என்ன செய்கிறார் என்று பாருங்கள். பார்த்ததை எனக்கு எழுதுங்கள், காத்திருக்கிறேன்.

அன்புடன்,
அக்கா