பெனின்சுலா: பழி டிவிக்கா, படத்துக்கா?

அன்புள்ள சார்,

‘டிரெயின் டு பூசான்’ என்ற கொரிய ஜாம்பி படத்தைப் பார்த்துவிட்டு மூன்று நாள் தூங்காதவன் நான். அந்த ஆசையில் போன ஞாயிறு வீட்டு டிவியில் அதன் அடுத்த பாகமான ‘பெனின்சுலா’ போட்டேன். ஒரே கார் ரேஸ், வீடியோ கேம் மாதிரி. தியேட்டரில் பார்த்திருந்தால் பிடித்திருக்குமோ? வீட்டில் பார்க்கத் தேறுமா?

ஆர்., ஈரோடு

அன்புள்ள ஆர்.,

பாதிப் பழி உங்கள் டிவிக்கு, மீதி இயக்குநர் யோன் சாங்-ஹோவுக்கு.

புது டிவிகள் பலவற்றில் அசைவை வழவழப்பாக்கும் வசதி ஒன்று வாங்கும்போதே ஆனில் இருக்கும். கிரிக்கெட்டுக்குச் சரி, சினிமாவை சீரியலாக்கிவிடும். இதில் கார் துரத்தல்கள் பெரும்பாலும் கம்ப்யூட்டரில் செய்தவை வேறு. செட்டிங்ஸில் போய் அணைத்துவிடுங்கள். டியூப்லைட்டையும்தான், சண்டையெல்லாம் இருட்டில் நடக்கிறது.

அப்புறம் படம். 2016-இல் வந்த முதல் படத்துக்கு ரயில்தான் பலம். ஓட இடமில்லை. ஒரு கர்ப்பிணி கண்ணாடிக் கதவை ஈரமாக்கி செய்தித்தாளை ஒட்டுகிறாள். ஆள் கண்ணில் படாததும் அந்தப் பக்கம் முட்டிக்கொண்டிருந்த கூட்டம் அடங்கிவிடுகிறது. ஒரு பேப்பர், கொஞ்சம் தண்ணீர்! 2020-இல் வந்த இதில் ஊரே திறந்து கிடக்கிறது. நான்கு வருடமாகக் கைவிடப்பட்ட தென் கொரியா, நடுவே ஒரு லாரி, அதில் 2 கோடி டாலர். எடுக்கப் போகிறவர்களுக்கு ஜாம்பிகளைவிட, அங்கே ராஜ்ஜியம் நடத்தும் பழைய ராணுவக்காரர்கள்தான் ஆபத்து. ஜாம்பிகள் பாவம், வண்டியில் அடிபடுவதற்கென்றே வருகிறார்கள்.

நான் நிஜமாகவே பயந்தது தொடக்கத்தில் வரும் கப்பல் அறையில். உள்ளே தொற்று வந்த பையன், அவனை விட்டு வர மறுக்கும் அம்மா. கவனித்தீர்களா, அதுவும் ஒரு ரயில் பெட்டிதான்.

ஆனாலும் அங்கே பிழைத்துக் கிடக்கும் அந்த இரண்டு பிள்ளைகள்! சின்னவள் விளக்கு மினுங்கி, சத்தம் போடும் ரிமோட் காரை ஓடவிட்டு மொத்தக் கூட்டத்தையும் திருப்பிவிடுகிறாள். அக்கா ஸ்டியரிங்கைத் திருப்புகிற அலட்சியம் இருக்கிறதே, அதற்காக இன்னொரு தடவைகூடப் பார்ப்பேன். ரயிலை மறந்துவிட்டு, கார் படம் என்று நினைத்துப் போடுங்கள், தேறும். உங்கள் தூக்கத்துக்கும் ஆபத்தில்லை.

கடைசியில் அழவைத்தே தீருவது என்று ஸ்லோமோஷனில் இழுத்தார்கள். நான் காபி போட எழுந்து போனேன். திரும்பி வந்தபோதும் அழுதுகொண்டுதான் இருந்தார்கள்.